எண்முறைப் பதிவும் சுகாதார ஊழியர் மறுபயிற்சியும்

மைசூர் நகரின் அக்ரஹாரப் பகுதியில், மகாத்மா காந்தி சாலையில், ஜே.எஸ்.எஸ். மருத்துவமனை அமைந்திருக்கிறது. மாணாக்கர்க்கு மருத்துவம் போதிக்கும் பெரிய மருத்துவமனை இது. நகர மக்களேயன்றிச் சுற்றுப்புறத் தாலுகாக்களிலிருந்தும் நோயாளிகள் இதை நாடி வருகின்றனர். ஹெக்கடதேவனகோட்டைத் தாலுகாவில் காட்டோரக் கிராமம் ஒன்றிலிருந்து கர்ப்பிணி ஒருத்தி இங்கு வந்து சேர்வதாக வைத்துக் கொள்வோம். கர்நாடகத்தில் ‘தாயி கார்டு’ என்று வழங்கும் அட்டை அவள் கையில் இருக்கும். இரத்தத்தில் ஹீமோகுளோபின் எவ்வளவு, இரத்த அழுத்தம் எவ்வளவு, எந்த மாதத்தில் பரிசோதனை நடந்தது என்பனவெல்லாம் அதில் எழுதப்பட்டிருக்கும். அவையே துணைச் சுகாதார நிலையத்துத் தாதியின் கைக்கணினி வழியாக அரசாங்கத்தின் பொதுத் தளத்திலும் ஏறியிருக்கும். அக்ரஹாரத்து மருத்துவர் அப்பெண்ணை அன்றுதான் முதன்முறையாகக் காண்கிறார். ஆயினும் அவர் எடுக்கும் முடிவுகளுட் சில, பல வாரங்களுக்கு முன் ஒரு கிராமத்துத் திண்ணையில் பதியப்பட்ட எண்களை ஆதாரமாகக் கொண்டவை.

அத்தாதி ஹீமோகுளோபின் 6.8 கிராம் எனக் கண்டு, அவசரத்தில் 8.6 எனப் பதிந்துவிட்டார் என்க. 100 மில்லிலிட்டர் இரத்தத்தில் 7 கிராமுக்குக் குறைந்தால் கர்ப்பிணிக்கு அது கடுஞ்சோகை. 7 முதல் 9.9 வரை நடுத்தரச் சோகை. முதலாவது நிலையில் அவளைத் தாமதமின்றி மருத்துவமனைக்கு அனுப்புதல் வேண்டும். இரண்டாவதில் இரும்புச்சத்து மாத்திரைகளைக் கொடுத்து, உரிய காலத்தில் மறுபடி சோதித்தால் பெரும்பாலும் போதும். இரண்டு இலக்கங்கள் இடம் மாறியதால் ஒரு பெண் அபாய வரிசையிலிருந்து நீங்கி விடுகிறாள். தாதி 68 என்று இட்டிருப்பாராயின் கணினி அதை ஏற்க மறுத்திருக்கும், 8.6 என்பதை மறுக்க அதற்கு யாதொரு காரணமும் இல்லை. யந்திரம் நடவாததைத் தடுக்கும். தவறானதைத் தடுக்க அதனால் இயலாது. வெளிறிய கண்ணிமையையும், படியேறினால் மூச்சு வாங்குவதையும் நேரில் கண்ட ஒருவரே, ‘இந்த எண் இந்தப் பெண்ணுக்குரியதன்று’ என்று சொல்லக் கூடியவர். இதை ஊழியர்க்கு உணர்த்தாத பயிற்சி விசைகளைத் தட்டும் பயிற்சியே ஆகும். சுகாதாரப் பயிற்சி ஆகாது என்பது இக்கட்டுரையின் கருத்து.

‘டிஜிட்டல்’ என்னும் சொல், லத்தீன் மொழியில் விரலைக் குறிக்கும் சொல்லிலிருந்து பிறந்தது. விரல் விட்டு எண்ணியதால் விரலின் பெயர் எண்ணுக்கு ஆயிற்று. தமிழில் இதை எண்முறை என்கிறோம்.

நம் நாட்டில் இம்முறை கள ஊழியரிடம் வந்தடைந்த வேகம் பெரிது. 2012-ம் ஆண்டில் காசநோயாளிகளைப் பதிவதற்கு ‘நிக்ஷய்’ தளம் வந்தது. 2016-ல் துணைத் தாதியர்க்கான ‘அன்மோல்’ செயலி அறிமுகமாயிற்று. 2019-ல் ‘ஈ-சஞ்ஜீவனி’ என்னும் தொலை மருத்துவ முறையும், 2021 ஜனவரியில் தடுப்பூசிக்கான ‘கோவின்’ தளமும் தோன்றின. அதே ஆண்டு செப்டம்பரில், 14 இலக்கச் சுகாதாரக் கணக்கெண்ணை மக்களுக்கு வழங்கும் ஆயுஷ்மான் பாரத் டிஜிட்டல் இயக்கம் நாடு முழுவதற்கும் விரிந்தது. பிரிட்டனில் தேசியச் சுகாதார சேவைக்காக டாக்டர் எரிக் டோபால் தலைமையில் 2019-ல் வெளியான அறிக்கை, இருபது ஆண்டுகளுக்குள் அச்சேவையின் பணிகளில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு ஏதேனும் ஓர் எண்முறைத் திறன் வேண்டியிருக்கும் என்று கணித்தது. நம் துணைச் சுகாதார நிலையங்களில் அந்நிலை இப்பொழுதே பெரும்பாலும் வந்துவிட்டது எனலாம்.

திறன் வளர்த்தலும் தொழில் மாற்றமும்

இவ்விரண்டையும் ஒன்றெனக் கொள்ளுதல் கூடாது. தாதி செய்யும் தொழில் மாறவில்லை. அதைச் செய்யும் கருவி மாறிற்று. அவருக்கு வேண்டுவது திறன் வளர்த்தல். மருத்துவமனையின் பதிவேட்டு அறையில் முப்பது ஆண்டு காலம் பணியாற்றிய எழுத்தரின் நிலை வேறு. அலமாரியில் கட்டை எடுத்து வைக்கும் வேலையே அங்கு மறைந்து போகிறது. அவருக்கு வேண்டுவது மறுபயிற்சி.

இத்தகைய எழுத்தரை முதுமை காரணமாக ஒதுக்கிவிட்டு, கணினி அறிந்த இளைஞர் ஒருவரை அமர்த்துவது எளிதெனத் தோன்றும். அது சிக்கனமன்று. லக்ஷ்மம்மா என்னும் பெயரை ஒருவர் கன்னட உச்சரிப்பின்படியும், மற்றொருவர் தமிழ் உச்சரிப்பின்படியும், மூன்றாமவர் ஆங்கில எழுத்தில் தமக்குத் தோன்றியபடியும் பதிவர். ஒரே பெண் மூன்று பெண்களாகிவிடுவாள். அவளுடைய ஒவ்வாமைக் குறிப்பு ஒரு பெயரிலும், அறுவைச் சிகிச்சைக் குறிப்பு வேறொரு பெயரிலும் கிடக்கும். கணவர் பெயர், ஊர், சென்ற முறை வந்த மாதம் ஆகியவற்றைக் கொண்டு இம்மூவரும் ஒருவரே எனக் கண்டறியும் பழக்கம் பழைய எழுத்தரிடம் உண்டு. இரட்டைப் பதிவுகளை இணைத்தல் என்பது இன்று பெரிய மருத்துவமனைகளில் ஒரு தனித் தொழில். அதற்குரிய அறிவில் பாதி அவரிடம் முன்பே இருக்கிறது. மற்றப் பாதியையே கற்பிக்க வேண்டும். உலகச் சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டில் பதினோராம் திருத்தம் 2022 ஜனவரி முதல் தேதியன்று நடைமுறைக்கு வந்தது. மருத்துவர் எழுதும் நோய்ப் பெயர்களுக்கு அவ்வகைப்பாட்டின்படி குறியீடு இடுவதும் அவர் பயிலத்தக்க பணியே. மருத்துவர்களின் கையெழுத்தைப் படிக்கப் பழகியவர்க்கு எஞ்சியவை கடினமாக இரா.

சரகூரில் கண்டது

எண்முறைக் கருவியைக் காட்டிலும் அதைக் கையாளும் கை முக்கியமானது என்பதற்கு மைசூர்ப் பிரதேசத்திலேயே ஒரு முன்னுதாரணம் உண்டு. 2002-ம் ஆண்டில் சாமராஜநகர் மாவட்ட மருத்துவமனையும், ஹெக்கடதேவனகோட்டைப் பக்கத்துச் சரகூரிலுள்ள விவேகானந்த நினைவு மருத்துவமனையும், பெங்களூரின் நாராயண ஹிருதயாலயத்தோடு இஸ்ரோவின் செயற்கைக்கோள் வழியாக இணைக்கப்பட்டன. சாமராஜநகரும் சரகூரும் மைசூரிலிருந்து ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் உள்ளவை. மார்வலியோடு வருபவருக்கு அங்கேயே இருதய மின்வரைபடம் எடுத்து அனுப்புவர். பெங்களூரிலுள்ள நிபுணர் அதைக் கண்டு ஆலோசனை கூறுவர். அடைப்பைக் கரைக்கும் மருந்தை அவ்வூரிலேயே கொடுக்கலாம். இம்மருந்து அடைப்பு ஏற்பட்ட முதல் சில மணி நேரத்திற்குள் கொடுத்தால்தான் மிகுந்த பயன் தரும். நகரத்துக்குப் பயணம் செய்யும் நேரத்தில் இருதயத் தசை கெட்டுக் கொண்டே இருக்கும்.

செயற்கைக்கோளைப் பற்றி அக்காலத்தில் பலர் வியந்து பேசினர். ஆனால் இம்முறையின் உயிர்நிலை, சிறிய ஊர்களிலிருந்த பொது மருத்துவர்களுக்கும் தாதியர்க்கும் இருதயச் சிகிச்சையில் பயிற்சி அளித்ததேயாகும். மின்வரைபடம் எடுப்பதற்குக் கைகால்களில் நான்கும் மார்பில் ஆறுமாகப் பத்து மின்வாய்களைப் பொருத்த வேண்டும். வலக்கைக்குரியதை இடக்கையிலும், இடக்கைக்குரியதை வலக்கையிலும் மாற்றிப் பொருத்திவிட்டால் முதலாம் தடத்தின் அலைகள் தலைகீழாகும். மார்பின் முதலிரண்டு மின்வாய்களை நான்காம் விலா இடைவெளியில் வைக்காமல் மேலே ஏற்றி வைத்தால், இல்லாத நோய் இருப்பது போன்ற சாயல் தோன்றக் கூடும். பிழையான படத்தைச் செயற்கைக்கோள் சிறிதும் பிழையின்றிக் கொண்டு சேர்க்கும்! விலாவை விரலால் எண்ணிப் பார்க்கும் தாதியின் பழக்கமே அங்கு முழு அமைப்பையும் தாங்குகிறது.

ஆகவே பயிற்சியாசிரியர், மின்வரைபடச் செயலியைக் கற்பிக்கும் நாளில் மின்வாய் பொருத்துதலையும் கற்பித்தல் வேண்டும். மாறிப் பொருத்திய படத்தையும் சரியான படத்தையும் அருகருகே வைத்துக் காட்டினால், அரை மணி நேர விரிவுரை மிச்சமாகும்.

முன்னரும் செய்திருக்கிறோம்

ஊழியர்களை மறுபயிற்சிக்கு உட்படுத்துதல் நமக்குப் புதிதன்று. மலேரியாவுக்கு ஒருவர், அம்மை குத்துவதற்கு ஒருவர், குடும்பக் கட்டுப்பாட்டுக்கு ஒருவர் எனத் தனித்தனியே ஒரே வீட்டுக் கதவைத் தட்டிய காலம் ஒன்று இருந்தது. 1973-ம் ஆண்டில் கர்த்தார் சிங் குழு இவர்களைப் பல்நோக்குச் சுகாதார ஊழியர்களாக மாற்றப் பரிந்துரைத்தது. ஒரு நோயை மட்டும் அறிந்தவர்கள் குடும்பம் முழுவதன் நலனையும் கவனிக்கக் கற்றுக் கொள்ள வேண்டியதாயிற்று. கைக்கணினியைக் கற்பதைவிட அது பெரிய மாற்றம்.

அதற்கும் முந்தைய உதாரணம் பெங்களூரிலுள்ள தேசியக் காசநோய் நிறுவனம். 1959-ல் தொடங்கப்பெற்ற இந்நிறுவனம், மாவட்டக் காசநோய்த் திட்டத்திற்கான அலுவலர்களைக் குழுவாகப் பயிற்றுவித்தது. மாவட்ட அலுவலர், சிகிச்சை அமைப்பாளர், ஆய்வுக்கூட நுட்பர், எக்ஸ்-ரே நுட்பர் ஆகியோருடன் புள்ளிவிவர உதவியாளரும் அக்குழுவில் இடம் பெற்றார். சளிப் பரிசோதனையின் முடிவை எழுதுபவரும், அதைக் கூட்டிக் கணக்கிடுபவரும், அதன்படி மருந்து கொடுப்பவரும் ஒரே வகுப்பில் அமர்ந்தனர். நாம் இன்று நடத்தும் செயலிப் பயிற்சிகளில் இது பெரும்பாலும் இல்லை. தாதிக்கு ஒரு நாள், ஆஷா ஊழியர்க்கு வேறொரு நாள், தகவல் பதிவாளர்க்கு இன்னொரு நாள் என்று பிரித்து விடுகிறோம். ஒருவர் விடும் பிழை அடுத்தவர் மேசையில் என்ன ஆகிறது என்பதை எவரும் காண்பதில்லை. இது மாற்றத்தக்கது, மாற்றுவதற்குப் புதிய செலவும் அதிகம் இல்லை.

பதிவும் ஊதியமும்

ஊழியர்கள் எண்முறைப் பதிவை வெறுப்பதாகச் சிலர் குறை கூறுவர். வெறுப்புக்குக் காரணம் உண்டா என்று பார்ப்பது நலம். பகலில் பேரேட்டில் எழுதி, இரவில் அதையே கணினியில் ஏற்றுபவர்க்கு வேலை குறையவில்லை, இரட்டித்தது. ஆஷா ஊழியர்க்கோ இதில் ஊதியமும் அடங்கியிருக்கிறது. அவர்கள் பெறும் ஊக்கத்தொகை செய்த பணிகளின் கணக்கைப் பொறுத்தது. தளத்தில் ஏறாத பணி செய்யாத பணியாகி விடக்கூடும். கர்நாடகத்தின் ஆஷா ஊழியர்கள் 2020 ஜனவரியிலும் 2025 ஜனவரியிலும் பெங்களூரில் கூடிப் போராடியபோது, ஊக்கத்தொகையைக் கணினித் தளத்தோடு பிணைத்திருப்பது அவர்கள் எடுத்துரைத்த குறைகளுள் ஒன்று. அலைத்தொடர்பு நலிந்த காட்டோரத்தில் இக்குறை கற்பனையன்று. எனவே எந்தப் பயிற்சியிலும், தொடர்பு இல்லாதபோது பதிவைச் சேமிப்பது எப்படி, அது பின்னர் ஏறியதா என்று சரிபார்ப்பது எப்படி, ஏறாவிட்டால் எவரிடம் எழுத்தில் தெரிவிப்பது என்னும் மூன்றும் முதல் நாளிலேயே இடம் பெற வேண்டும். இவற்றைக் கடைசி அரை மணியில் ஓட்டிவிடுவது இப்போதுள்ள வழக்கம்.

எண்முறைச் சாதனங்கள் செவ்வனே இயங்கும் சுகாதார அமைப்புக்கு மாற்றாக மாட்டா என்று உலகச் சுகாதார நிறுவனமும் 2019-ல் வெளியிட்ட வழிகாட்டியில் கூறியுள்ளது. மாத்திரை இல்லாத நிலையத்தில் மாத்திரைக் கணக்குச் செயலி எதற்கு?

இரகசியம் காத்தலையும் இங்கேயே குறிப்பிட வேண்டும். கடவுச்சொல்லைச் சுவரில் ஒட்டி வைப்பதும், ஒருவர் பெயரில் நால்வர் பதிவதும் பல இடங்களில் நிகழ்வன. காசநோய், கருச்சிதைவு, மனநோய் ஆகிய செய்திகள் சிறிய ஊரில் வெளிப்பட்டால் ஒரு குடும்பத்தின் திருமணப் பேச்சே முறிந்து போகும். எச்.ஐ.வி. தொற்றுடையோரின் இரகசியத்தை 2017-ம் ஆண்டுச் சட்டம் காக்கிறது. பொதுவாக எண்முறைத் தனிநபர் தகவல்களுக்கென 2023-ல் ஒரு சட்டம் இயற்றப்பட்டது. சட்டப் பிரிவுகளை ஒப்புவிக்கச் செய்வதைவிட, ‘இச்செய்தி உம் வீட்டாரைப் பற்றியதாயின் யார் யார் பார்க்கச் சம்மதிப்பீர்?’ என்று வகுப்பில் கேட்பது நன்மை தரும்.

ஆசிரியர்க்கு ஒரு பயிற்சி

இதற்குக் கணினி வேண்டுவதில்லை. பாதரசக் கருவியால் அளந்த நூறு இரத்த அழுத்த அளவுகளை, பெயர்களை நீக்கி, பழைய பேரேட்டிலிருந்து எடுத்துக் கொள்க. ஒவ்வொன்றிலும் மேல் அழுத்தத்தின் கடைசி இலக்கத்தை மட்டும் மாணாக்கர் பட்டியலிடட்டும். இக்கருவியில் 2 மில்லிமீட்டருக்கு ஒரு கோடு இருப்பதால் கடைசி இலக்கம் 0, 2, 4, 6, 8 ஆகியவற்றுள் ஒன்றாகவே இருக்கும். அளவு கவனமாக எடுக்கப்பட்டிருந்தால் ஒவ்வொன்றும் ஏறத்தாழ இருபது முறை வரவேண்டும். பெரும்பாலான பேரேடுகளில் 0 என்பதே மிகுந்து நிற்கும். 134-ம் 136-ம் 130 அல்லது 140 ஆகிவிடுகின்றன. 140 என்பது உயர் அழுத்தத்தின் எல்லையாதலால் இந்த உருட்டல் சிலரை வீணே நோயாளியாக்கும்.  அடுத்து, கையில் சுற்றும் பட்டை பருத்த கைக்குச் சிறியதாயின் அளவு மிகுத்துக் காட்டும் என்பதையும் செய்து காட்டலாம்.

பின்னர் எண்முறைக் கருவியால் எடுத்த நூறு அளவுகளுக்கும் இதையே செய்க. இங்கு ஒற்றை இலக்கங்களும் வருமாதலால் ஒவ்வோர் இலக்கமும் பத்து முறை அளவில் அமையும். அவ்வாறன்றி 120-ம் 80-ம் வரிசையாக வந்தால், கருவி அளக்கவில்லை, கை எழுதியது என்று அறியலாம். அப்பேரேட்டுக்கு உரியவரைத் தண்டிக்க இதனைப் பயன்படுத்துவது கூடாது; அவ்வாறு செய்தால் அடுத்த மாதம் இலக்கங்கள் அழகாகக் கலந்து வரும், அளவுகள் மட்டும் உண்மையாயிரா. பட்டை கிழிந்திருந்ததா, மின்கலம் தீர்ந்திருந்ததா, ஒரு நாளில் எத்தனை பேரைப் பார்க்க நேர்ந்தது என்று முதலில் கேட்க வேண்டும். மூன்று மாதங்கள் கழித்து, அதே நிலையத்தில், அதே ஊழியர்களைக் கொண்டு இப்பட்டியலை மீண்டும் தயாரித்து, இரண்டையும் அவர்கள் கையிலேயே கொடுத்து ஒப்பிடச் செய்க.