வேயாமாடமும் வாட்டமும்

வேய்தல் என்பது கூரைக்குரிய பழஞ்சொல். ஓலையும் வைக்கோலும் வேய்ந்த கூரை நன்கு சரிந்திருக்கும். மழைநீர் அதன்மேல் தங்காது. வேயப்படாத மாடங்களும் தமிழகத்தில் பண்டே இருந்தன. சிலப்பதிகாரத்தின் இந்திரவிழவூரெடுத்த காதை புகார் நகரின் வேயாமாடத்தைச் சுட்டுகிறது. நம் மொட்டை மாடியின் மூதாதை அதுவே எனலாம். தட்டையான தளத்தில் விழும் மழையை எவ்வாறு வெளியேற்றுவது என்னும் வினா, தாம்பரம், சேலையூர், குரோம்பேட்டைப் பகுதிகளில் வாழும் நமக்கு ஆண்டுதோறும் ஐப்பசியில் எழுகிறது. அதற்குரிய விடையை ஈண்டுக் காண்போம்.

முன்னோர் முறை

1931ஆம் ஆண்டில் கடற்கரைக்கும் தாம்பரத்திற்கும் இடையே மின்தொடர்வண்டி ஓடத் தொடங்கியது. அக்காலத்து மச்சு வீடுகள் பல 'மெட்ராஸ் டெரஸ்' முறையில் அமைந்தவை. தேக்கு உத்தரங்களின் மேல் செங்கற்களைச் செங்குத்தாக நிறுத்திச் சுண்ணாம்புச் சாந்தால் பிணைப்பர். அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து பரப்பி, கடுக்காய் நீரும் வெல்ல நீரும் தெளித்து, மரக்கட்டைகளால் பல நாள் அடித்து இறுக்குவர். இறுதியில் தட்டோடு பதிப்பர்.

பின்னாளில் கான்கிரீட் தளம் வந்தபோதும், அதன்மேல் ஜல்லிச் சுண்ணாம்பும் தட்டோடும் இடும் வழக்கம் தொடர்ந்தது. இவ்வடுக்கு வெயிலைத் தாங்கியதோடு, தளத்திற்கு வேண்டிய சரிவையும் தந்தது. அச்சரிவைக் கொத்தனார்கள் 'வாட்டம்' என்பர். நூறடி ஓட்டத்திற்கு ஓரடி இறக்கமேனும் இருத்தல் வேண்டும்.

ஒட்டுவிரிப்பு

பல நாள் கட்டை அடிக்கும் பொறுமையும் அதற்குரிய ஆட்களும் இன்று அரிது. ஆதலின் புதிய பொருள்கள் வந்துள்ளன. அவற்றுள் ஒன்று, அடித்தாளை உரித்து ஒட்டும் விரிப்பு. ரப்பர்த்தன்மை ஊட்டப்பட்ட தாரால் ஆன இது சுருளாக வரும். நெருப்பால் உருக்கி ஒட்டும் தார்விரிப்பைப் போல இதற்குத் தீ வேண்டியதில்லை.

இடும் முறை வருமாறு: முதலில் வெடிப்புகளை அடைத்து, நீர் தேங்கும் பள்ளங்களை நிரப்பி, வாட்டத்தைச் சீராக்குக. தளமும் கைப்பிடிச் சுவரும் கூடும் மூலையைச் சிமெண்டுக் கலவையால் சாய்வாக மழுக்குக. செங்கோணத்தில் மடியும் விரிப்பு அவ்விடத்திலேயே கிழியும்.

அடுத்தது ஈரச் சோதனை. ஒரு முழச் சதுரமுள்ள பாலிதீன் தாளின் நான்கு விளிம்புகளையும் தளத்தில் பசைநாடாவால் ஒட்டி ஒரு நாள் விடுக. அடியில் நீர்த்துளி அரும்பினால் தளம் உலரவில்லை என்று அறிக. குளிர்நாடுகளில் இவ்விரிப்பு குளிரால் ஒட்டாமற்போகும்; நம் ஊரில் அதற்குப் பகை ஈரமே.

உலர்ந்த தளத்தைத் தூசியின்றிப் பெருக்கிப் பிரைமர் பூசி, அது காய்ந்தபின் விரிப்பை இடுக. நீர் வெளியேறும் தாழ்ந்த பக்கத்தில் தொடங்கி மேட்டை நோக்கிச் செல்லுதல் வேண்டும். அப்போதுதான் மேல்விரிப்பு கீழ்விரிப்பின்மேல் படியும். வழிந்துவரும் நீர் இணைப்புக்குள் நுழையாது. பக்க இணைப்பில் 10 செ.மீ., முனை இணைப்பில் 15 செ.மீ. ஒன்றன்மேல் ஒன்று படிய வேண்டும். அடித்தாளைச் சிறிது சிறிதாக உரித்து, நடுவிலிருந்து ஓரம் நோக்கி ரோலரால் அழுத்திக் காற்றை வெளியேற்றுக. கைப்பிடிச் சுவரில் ஒரு சாண் உயரம் ஏற்றி, காடி வெட்டி, விளிம்பை அதனுள் செருகிப் பூசுக. மழைநீர்க் குழாயின் வாய்க்குள்ளும் விரிப்பு இறங்க வேண்டும். பெரும்பாலான ஒழுக்குகள் இத்தகைய ஓரங்களில்தான் தொடங்குகின்றன.

பின்னர்க் குழாய்வாயை அடைத்து, இரண்டங்குல நீரை இரண்டு நாள் தேக்கி, கீழறையின் கூரையைப் பார்க்க வேண்டும். கசிவில்லையெனில் நீரை வடித்து, மேலே சிமெண்டுக் கலவையோ ஓடோ பதிக்கலாம். வெயிலில் வெறுமையாகக் கிடக்கும் கறுப்பு விரிப்பு நாளடைவில் வெடித்துவிடும்.

பட்டறிவு

இம்முறையை நான் கற்றது இழப்பின் வழியாகத்தான். 2015 அக்டோபரில், மழை விட்ட இரண்டு நாள் இடைவெளியில், அவசரமாக எங்கள் மாடிக்கு ஒட்டுவிரிப்பு இடுவித்தேன். அவ்வேளை வந்த முதிய கொத்தனார் ஒருவர், "வாட்டம் சரியில்லை, தளமும் காயவில்லை. தை பிறக்கட்டும் சார்" என்றார். நான் கேட்கவில்லை. தளத்திலிருந்த ஈரம் வெயிலில் ஆவியாகி விரிப்பைக் கொப்புளமாகத் தூக்கியது, இணைப்புகள் பிரிந்தன.

டிசம்பர் 2 காலையோடு முடிந்த ஒரு நாளில் தாம்பரத்தில் 49 செ.மீ. மழை பதிவாயிற்று. ஆயிரம் சதுர அடி மாடியின்மேல் அது ஏறத்தாழ 45,500 லிட்டர்; பன்னிரண்டாயிரம் லிட்டர் தண்ணீர் லாரிகள் நான்கு கொணரும் அளவு. போக வழியில்லாத நீர் கொப்புளங்களின் ஊடே இறங்கியது. என் தந்தையார் நாற்பது ஆண்டுகள் சேர்த்த நூல்களில் இரண்டு அலமாரிகள் கூழாயின. மறுகோடையில் தளத்தைக் கொத்தியபோது, உள்ளே கம்பிகள் துருவேறத் தொடங்கியிருந்தன. துரு கம்பியைப் பருக்கச் செய்து கான்கிரீட்டைப் பிளக்கும்; நாளை கூரைப்பூச்சு உறங்குவோர் மேல் பெயர்ந்து விழக்கூடும். ஒழுக்கு ஒரு கறை மட்டுமே என்று எண்ணுவோர் இதனை மனங்கொள்ள வேண்டும்.

அதே கொத்தனாரை அழைத்து வந்து, பங்குனி வெயிலில் வாட்டம் அமைத்து, மேற்கூறிய முறைப்படி விரிப்பு இட்டோம். அதன்பின் அந்த அறையில் கசிவில்லை. ஆயினும் கூழான நூல்கள் திரும்ப வரவில்லை.

புதுப்பொருளைக் கைக்கொள்வதில் குற்றமில்லை. நீரைத் தடுப்பது விரிப்பு. நீரை வழியனுப்புவது வாட்டம். முன்னது நேற்று வந்தது, பின்னது வேயாமாடக் காலத்து அறிவு. மாணவர்களே, நாளை நீங்கள் வீடு கட்டும்போது, விரிப்பின் விலையைக் கேட்பதற்கு முன்னர் மாடியில் ஒரு குடம் நீரை ஊற்றி, அது செல்லும் வழியைப் பாருங்கள். அருகில் முதிய கொத்தனார் ஒருவர் இருப்பின், அவர் சொல்வதையும் கேளுங்கள்.