பிள்ளைக்கு 18 வயது ஆனால் வழக்கு என்ன ஆகும்?

2016 மே மாதம் கேகாலை மாவட்டத்தின் அரநாயக்கவிலும் புளத்கொஹுபிட்டியவிலும் மண்சரிவுகள் ஏற்பட்டன. இத்தகைய அனர்த்தங்களால் குடும்பங்கள் லயத்தை விட்டு இடம்மாறினாலும், நீதிமன்றத்தில் உள்ள வழக்கின் தவணைகள் தொடரும். பிள்ளைகளும் வளர்வார்கள். "மகளுக்கு 18 ஆகிவிட்டது, இனித் தாபரிப்புப் பணம் கிடைக்காது" என்று எண்ணி நீதிமன்றம் போவதை நிறுத்திவிடாதீர்கள்.

சட்டம் சொல்வது

முன்பு பராயமடையும் வயது 21. 1989ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கச் சட்டம் அதை 18 ஆக்கியது. 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கத் தாபரிப்புச் சட்டத்தின்படி, வசதியுள்ள தாயோ தந்தையோ பின்வருவோரைப் பராமரிக்க வேண்டும்:

• 18 வயதுக்குக் குறைந்த பிள்ளை. பெற்றோர் சட்டப்படி மணம் முடிக்காவிட்டாலும் இது பொருந்தும்.
• 18 முதல் 25 வயதுக்குள், தன்னைத் தானே பராமரிக்க முடியாத பிள்ளை.
• தன்னைப் பராமரிக்க முடியாத, உடல் அல்லது உளக் குறைபாடுள்ள பிள்ளை. இவருக்கு வயதெல்லை இல்லை.

18இல் மாறுவது என்ன?

அதுவரை பிள்ளைக்காகத் தாய் வழக்காடியிருக்கலாம். இனி பிள்ளையே நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்கலாம். ஆனால், தனக்கு வருமானம் இல்லை என்பதைக் காட்ட வேண்டும். உயர்தர வகுப்பிலோ தொழிற்பயிற்சியிலோ இருந்தால், அந்த நிறுவனத்தின் கடிதம் உதவும். பழைய உத்தரவு தானாகவே தொடரும் என்று நம்பி இருக்க வேண்டாம். 18 வயதுக்கு முன் சேர்ந்த நிலுவையையும் விட்டுவிடாதீர்கள். அதைப் பற்றி நீதிமன்றத்தில் கேளுங்கள்.

காணி, நட்டஈடு போன்ற வழக்குகளில் பராயமடையாத பிள்ளைக்காகப் பெரியவர் ஒருவர் முன்னிற்பார். பிள்ளை பராயமடைந்ததும், வழக்கைத் தன் பெயரில் தொடர்வதா கைவிடுவதா என்பதை அவரே தீர்மானிக்க வேண்டும். ஆகவே சட்டத்தரணிக்கு உடனே அறிவியுங்கள்.

பிறந்தநாளுக்கு முன்பே செய்ய வேண்டியவை

1. வழக்கு இலக்கத்தையும் அடுத்த தவணைத் திகதியையும் எழுதி வையுங்கள்.
2. வெள்ளத்திலோ மண்சரிவிலோ பிறப்புச் சான்றிதழ் தொலைந்திருந்தால், பிரதேச செயலகத்தில் பிரதிக்கு விண்ணப்பியுங்கள்.
3. பிள்ளையின் தேசிய அடையாள அட்டையைத் தயாராக வைத்திருங்கள்.
4. புதிய முகவரியை நீதிமன்றத்துக்கும் சட்டத்தரணிக்கும் தெரிவியுங்கள்.
5. சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பணம் இல்லாவிட்டால், சட்ட உதவி ஆணைக்குழுவை நாடுங்கள்.

சிங்களத்தில் நடக்கும் வழக்கு விளங்காவிட்டால் தயங்காமல் நீதவானிடம் சொல்லுங்கள். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரையின்படி, தமிழ் மொழிபெயர்ப்பை அரசே வழங்க வேண்டும்.