தடுக்கப்பட்ட பதவி உயர்வும் பிடிக்கப்பட்ட பணிக்கொடையும்

கேள்வி: ஐயா, நான் வருவாய்த் துறையில் துணை வட்டாட்சியராக இருந்து 2022-இல் ஓய்வு பெற்றவன். 2018-இல் வட்டாட்சியர் பதவிக்குத் தேர்ந்தோர் பட்டியல் தயாரானபோது, என்மீது 17(பி) குறிப்பாணை நிலுவையில் இருப்பதாகச் சொல்லி என் பெயரை விட்டுவிட்டு, எனக்கு இளையவர்களுக்குப் பதவி உயர்வு கொடுத்தார்கள். 2021-இல் குற்றச்சாட்டு கைவிடப்பட்டது. ஆனால் என்னைப் பட்டியலில் சேர்க்கவில்லை. ஓய்வு பெற்ற பிறகு, பழைய ஊதிய நிர்ணயம் தவறு என்ற தணிக்கைத் தடையைக் காட்டி, பணிக்கொடையில் பெருந்தொகையைப் பிடித்துக்கொண்டார்கள். பல மனுக்கள் அனுப்பியும் பதில் இல்லை. இப்போது வழக்குப் போட்டால் காலதாமதம் என்று தள்ளிவிடுவார்களா?

— ஓய்வுபெற்ற துணை வட்டாட்சியர், திருநெல்வேலி மாவட்டம்

பதில்: தங்கள் கடிதத்தில் இரண்டு வழக்குகள் பின்னிக் கிடக்கின்றன, அவற்றைப் பிரித்துப் பார்க்காதவரையில் காலதாமதம் பற்றிய தங்கள் வினாவுக்கு விடை சொல்ல இயலாது.

குறிப்பாணை நிலுவையில் இருக்கையில் பதவி உயர்வை ஒத்திவைக்க அரசுக்கு அதிகாரம் உண்டு என்பதில் சந்தேகமில்லை. ஆயினும், 1991-ஆம் ஆண்டு ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிப்படி, ஊழியர் குற்றச்சாட்டினின்று முற்றிலும் விடுபட்டால், அந்நடவடிக்கை குறுக்கிடாதிருந்தால் எந்தத் தேதியில் உயர்வு பெற்றிருப்பாரோ அந்தத் தேதியிலிருந்தே அவருக்கு அது கணக்கிடப்பட வேண்டும். வேலை செய்ய ஆயத்தமாயிருந்தவரை அதிகாரிகளே தடுத்து நிறுத்திவிட்டு, வேலை செய்யாதவர்க்குச் சம்பளம் இல்லை என்ற சூத்திரத்தை அவர்மீதே ஏவுவது நியாயமன்று என்பதும் அத்தீர்ப்பின் சாரம். ஆனால் விசாரணை நீண்டதற்கு ஊழியரே காரணமாயிருந்தாலும், சந்தேகத்தின் பலனால் மட்டுமே தப்பியிருந்தாலும், நிலுவைச் சம்பளத்தை மறுக்க நிர்வாகத்துக்கு இடமுண்டு. ஆகையால் 2021-ஆம் ஆண்டு ஆணையின் வாசகத்தைத் தாங்கள் நிதானமாகப் படிக்க வேண்டும்: குற்றச்சாட்டு நிரூபணமாகவில்லை என்று இருக்கிறதா, எச்சரித்து முடித்திருக்கிறார்களா என்பதில்தான் வழக்கின் பாதி அடங்கியிருக்கிறது.

இனிக் காலதாமதம். தமிழ்நாட்டிலிருந்தே உச்ச நீதிமன்றம் சென்ற சதாசிவசுவாமி வழக்கில், தமக்கு இளையவர் தம்மைத் தாண்டி உயர்த்தப்பட்டதை எதிர்ப்பவர் ஆறு மாதத்துக்குள், அதிகம் போனால் ஓராண்டுக்குள், நீதிமன்றத்தை நாடவேண்டும் என்று 1974-இல் சொல்லப்பட்டது. அரசு வழக்கறிஞர் முதலில் எடுத்துக் காட்டுவது இதைத்தான். குற்றச்சாட்டு கைவிடப்பட்ட 2021-இல்தான் தங்கள் உரிமை பிறந்தது என்று நாம் வாதிடலாம், அது சரியான வாதமுங்கூட. ஆனால் அதற்குப் பின்னும் ஆண்டுகள் கழிந்துவிட்டன. அனுப்பிய மனுக்கள் காலத்தை நிறுத்தி வைத்திருக்கும் என்று தாங்கள் நம்புவீர்களாயின், அந்த நம்பிக்கையை விட்டுவிடுங்கள். இதுவும் தமிழ்நாட்டு வழக்கான ஜேக்கப் வழக்கில், மனுவைப் பரிசீலிக்கும்படி நீதிமன்றம் உத்தரவிடுவதாலேயே செத்துப்போன கோரிக்கைக்கு உயிர் வந்துவிடாது என்று 2008-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. நம் நாட்டு வழக்கறிஞர்களில் சிலர் அத்தகைய உத்தரவு ஒன்றை வாங்கிக் கொடுத்துவிட்டு வெற்றி என்று சொல்லுவார்கள். சில மாதங்களில் மறுப்பாணை ஒன்று தபாலில் வந்து சேருவதைத் தவிர வேறொரு பிரயோசனமும் அதில் பெரும்பாலும் இருப்பதில்லை.

எனினும் தங்களுக்குச் சாதகமான அம்சம் ஒன்றுண்டு. அதே 2008-இல் தர்செம் சிங் வழக்கில், பிறருடைய முதுநிலையையும் உயர்வையும் கலைக்கக்கூடிய கோரிக்கைக்குத் தாமதம் தடையாகும் என்றும், ஊதியத்தையோ ஓய்வூதியத்தையோ திருத்தி நிர்ணயிப்பது பிறரைப் பாதிக்காதாகையால் அங்கே தாமதம் அவ்வளவு கடுமையாகப் பார்க்கப்படாதென்றும், நிலுவை மட்டும் சாதாரணமாக வழக்குத் தொடுத்ததற்கு முந்தைய மூன்று ஆண்டுகளோடு நின்றுவிடும் என்றும் சொல்லப்பட்டது. தாங்கள் ஓய்வு பெற்றுவிட்டமையால் எவருடைய நாற்காலியையும் கேட்கவில்லை. கேட்பது பெயரளவில் ஓர் உயர்வும், அதன்வழி திருத்திய ஓய்வூதியமுமே. வட்டாட்சியர் பதவிக்குரிய சம்பளப் பாக்கியை வற்புறுத்தாமல் இந்த அளவில் கோரிக்கையைச் சுருக்கிக்கொள்வதே விவேகம் என்பது என் அபிப்பிராயம். வெற்றி நிச்சயம் என்று நான் சொல்ல மாட்டேன்.

பணிக்கொடை விஷயம் இவ்வளவு சிக்கலானதன்று. தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978-இன் 9-ஆம் விதி, கடுமையான ஒழுங்கீனம் நிரூபிக்கப்பட்டவரின் ஓய்வூதியத்தில் கைவைக்க அரசுக்கு அதிகாரம் தருகிறதேயன்றி, அலுவலகம் செய்த கணக்குப் பிழைக்கு ஓய்வு பெற்றவரைத் தண்டிப்பதற்காக ஏற்பட்டதன்று. ரஃபீக் மசீஹ் வழக்கில் 18-12-2014 அன்று உச்ச நீதிமன்றம், ஊழியர் தரப்பில் சூது ஏதுமின்றி மிகுதியாக வழங்கப்பட்ட தொகையை ஓய்வு பெற்றவரிடமிருந்தும், ஓராண்டுக்குள் ஓய்வு பெறவிருப்பவரிடமிருந்தும் பிடித்தம் செய்யலாகாது என்று விதித்தது. விளக்கம் கேட்கும் அறிவிப்புக்கூட இன்றிப் பிடித்திருந்தால், இயற்கை நீதிக்கும் அது முரணானது. ஆனால் ஊதியத் திருத்தத்தின்போது, மிகைத்தொகை இருப்பின் திருப்பிச் செலுத்துவேன் என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்தவர் அதற்குக் கட்டுப்பட்டவர் என்று 2016-ஆம் ஆண்டு ஜகதேவ் சிங் வழக்கு கூறுகிறது. விருப்பப் படிவத்தோடு சேர்த்து அச்சிட்ட தாளில் தாங்கள் கையொப்பமிட்டீர்களா என்பதைப் பணிப்பதிவேட்டில் பாருங்கள்.

நிர்வாகத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுவிட்டமையால், தாங்கள் நாட வேண்டிய இடம் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. 2018-ஆம் ஆண்டுப் பட்டியல், அதன் கோப்புக் குறிப்புகள், தணிக்கைத் தடை ஆகியவற்றின் நகல்களைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் உடனே கேட்டு வாங்குங்கள். பின்னர் அரசியல் சட்டம் 226-ஆம் பிரிவின்கீழ் இரண்டு நீதிப்பேராணை மனுக்களாகப் பிரித்தே தாக்கல் செய்யச் சொல்லுங்கள். ஒரே மனுவில் சேர்த்தால், முதற் கோரிக்கையின்மீது எழும் தாமத ஆட்சேபம் இரண்டாவதையும் தேவையின்றி இழுத்துக்கொண்டு போகும். பிடித்த தொகைக்கு வட்டியையும் அந்த இரண்டாவது மனுவிலேயே கேட்கத் தவறாதீர்கள்.