திரைமேல் ஒரு திரை: மறைத்தல், அணைத்தல், நீக்குதல்

முன்னுரை

தமிழ்மொழிக் கழகத்தின் ஆண்டு மலரில் கணினி விளையாட்டைப் பற்றி ஒரு கட்டுரை தேவைதானா என்று வாசகர் சிலர் வியக்கக்கூடும். நம்மில் பலருடைய வீட்டில் இருப்பது ஒரே ஒரு கணினி. பகலில் இடுபணியும் இயங்கலை வகுப்பும் அதில்தான். இரவில் தம்பியின் காற்பந்து விளையாட்டும் அதில்தான். அந்தக் கணினி தடுமாறத் தொடங்கினால், “வரைகலை அட்டை பழசாகிவிட்டது, புதிதாக வாங்க வேண்டும்” என்ற பேச்சு உடனே எழுகிறது. புதிய அட்டை என்பது சில நூறு ரிங்கிட்டிலிருந்து ஆயிரக்கணக்கான ரிங்கிட் வரை செல்லும் செலவு. அந்தச் செலவுக்கு முன் பார்க்க வேண்டிய ஒன்றைப் பற்றியது இக்கட்டுரை. அதைச் சரியாகச் செய்து முடிக்க மூன்று தமிழ் வினைச்சொற்களின் வேறுபாடு தெரிந்திருக்க வேண்டும் என்பதால், இது மொழியைப் பற்றிய கட்டுரையும் ஆகும்.

மேலடுக்கு என்பது யாது?

விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போது திரையின் மூலையில் சில எண்கள் தோன்றுவதையும், “பதிவு தொடங்கிவிட்டது” என்பது போன்ற அறிவிப்பு எட்டிப் பார்ப்பதையும், ஏதோ ஒரு விசை தவறிப் பட்டதும் பக்கவாட்டில் ஒரு பட்டியல் விரிவதையும் கண்டிருப்பீர்கள். இவற்றை வரைவது விளையாட்டு அன்று. வரைகலை அட்டையோடு வந்த துணை மென்பொருள், விளையாட்டின் படத்துக்கு மேல் தன் படத்தையும் சேர்த்து வரைகிறது. இதனை ஆங்கிலத்தில் ஓவர்லே என்பர்.

இதற்கு ‘மேற்படலம்’, ‘மேலடுக்கு’ என்ற இரு சொற்களை எண்ணிப் பார்க்கலாம். கண்ணில் படலம் விழுந்தது என்று நாம் சொல்லும்போது பார்வை மறைவதையே குறிக்கிறோம். இதுவோ அடியில் உள்ளதை மறைக்காமல் அதன்மேல் அமர்ந்துகொள்வது. ஆகவே ‘மேலடுக்கு’ என்ற சொல்லையே நான் ஆள்கிறேன்.

அது எவ்வாறு இயங்குகிறது?

கணினித் திரையில் நாம் காணும் அசைவு, அடுத்தடுத்து வரும் அசையாப் படங்களின் தொடர்ச்சியே. ஒவ்வொரு படத்தையும் சட்டகம் என்பர். விளையாட்டு ஒரு சட்டகத்தை வரைந்து முடித்ததும், “இது தயார், திரைக்கு அனுப்பு” என்று ஒரு கட்டளை இடுகிறது. மேலடுக்கு மென்பொருள் தன் நிரலின் ஒரு பகுதியை விளையாட்டுக்குள்ளேயே ஏற்றி, இந்தக் கட்டளையை இடையில் மறிக்கிறது. தன் எண்களையும் பட்டியலையும் அச்சட்டகத்தின்மீது வரைந்துவிட்டு, அதன்பின் அனுப்புகிறது.

எங்கள் புலாவ் செபாங் தொடர்வண்டி நிலையத்தைக் கொண்டு இதை விளக்கலாம். வண்டி புறப்படத் தயாராக நிற்கிறது. ஒருவர் ஓடிவந்து, “சற்றுப் பொறுங்கள்” என்று சொல்லி வண்டியின்மேல் ஓர் அறிவிப்புத் தாளை ஒட்டிவிட்டுக் கொடி காட்டுகிறார். ஒரு வண்டிக்கு இது பெரிய தாமதம் இல்லை. ஆனால் ஒரு நொடிக்கு அறுபது வண்டிகள் புறப்படும் நிலையம் என்றால்? அதுதான் நம் திரை.

இந்தத் தாமதத்தைக் கணக்கிட்டுப் பார்ப்போம். ஒரு நொடிக்கு 60 சட்டகங்கள் வேண்டுமானால், ஒவ்வொன்றுக்கும் கிடைக்கும் நேரம் சுமார் 16.7 மில்லிநொடி. மேலடுக்கு அதனுடன் 1 மில்லிநொடியைக் கூட்டினால், வேகம் நொடிக்கு 57 சட்டகங்களுக்கும் சற்றுக் குறைகிறது. 144 சட்டகங்களில் ஓடும் கணினியில் அதே 1 மில்லிநொடி வேகத்தை 126 ஆக்கிவிடும். திரையின் புதுப்பிப்போடு ஒத்துச் செல்லுமாறு விளையாட்டை அமைத்திருந்தால் விளைவு இன்னும் கூடுதல். 60 ஹெர்ட்ஸ் திரையில் 16.7 மில்லிநொடியைத் தவறவிட்ட சட்டகம், அடுத்த முறைக்காகக் காத்திருந்து 33.3 மில்லிநொடியில்தான் வெளிவரும். சராசரி எண் பெரிதாகக் குறையாமலேயே விளையாட்டு ‘வெட்டி வெட்டி’ ஓடுவதற்கு இது ஒரு காரணம்.

2024 டிசம்பரில் நடந்தது

இவையெல்லாம் ஏட்டுக் கணக்கு என்று ஒதுக்க இயலாது. என்விடியா நிறுவனம் 2013 முதல் ஜிஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் என்ற துணை மென்பொருளை வழங்கி வந்தது. அதற்கு மாற்றாக என்விடியா ஆப் என்ற புதிய மென்பொருள் 2024 நவம்பரில் முழுமையாக வெளிவந்தது. அடுத்த மாதமே, அதை நிறுவிய கணினிகளில் சில விளையாட்டுகளின் வேகம் 15 விழுக்காடு வரை குறைவதைப் பயனர்களும் கணினி இதழ்களும் சோதித்து எடுத்துக்காட்டினர். மேலடுக்கின் ஒரு பகுதியான வண்ண வடிகட்டி வசதியே காரணமாகச் சுட்டப்பட்டது. அந்த வடிகட்டியை யாரும் பயன்படுத்தவில்லை. அது பயன்படுத்தத் தயாராக விழித்திருந்தது, அவ்வளவே. நிறுவனமும் சிக்கலை ஆராய்வதாகக் கூறி, அவ்வசதியை அணைத்துவிட்டு விளையாட்டை மீண்டும் தொடங்குமாறு அறிவுறுத்தியது.

60 சட்டகங்களில் 15 விழுக்காடு போனால் எஞ்சுவது 51. ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம் என்பார்கள். அந்த மாதம் கூடமே கோணலாகத்தான் இருந்தது.

மூன்று சொற்கள்

விடுமுறைக்கு ஊர் திரும்பும்போதெல்லாம், புலாவ் செபாங்கிலும் பக்கத்துத் தம்பினிலும் உள்ள தம்பிமார்கள் கணினிச் சந்தேகங்களோடு என்னிடம் வருவது வழக்கம். அவர்களுள் படிவம் நான்கில் பயிலும் ஒரு தம்பிக்கு, “அந்த ஓவர்லேயை எடுத்துவிடு” என்று அவன் நண்பன் தொலைபேசியில் சொல்லியிருக்கிறான். இவன் வரைகலை அட்டையின் பெயரில் இருந்த எல்லாவற்றையும் கணினியிலிருந்து எடுத்துவிட்டான். இயக்கி மென்பொருளும் அதனோடு போயிற்று. திரையில் எழுத்துகள் பெருத்து, விளையாட்டு திறக்கவே மறுத்தது. அட்டை கெட்டுவிட்டது என்று வீட்டார் கடைக்குக் கிளம்பும் நிலை. இயக்கியை மீண்டும் நிறுவியதும் எல்லாம் சரியாயிற்று. நண்பன் சொன்னதும் தவறில்லை. இவன் செய்ததும் சொன்ன சொல்லின்படியே. ‘எடுத்துவிடு’ என்ற ஒரு சொல்லுக்குள் மூன்று வெவ்வேறு செயல்கள் ஒளிந்திருந்தன.

மறைத்தல்: மேலடுக்கைக் கண்ணுக்குத் தெரியாமல் செய்வது. ஆல்ட், இசட் விசைகளைச் சேர்த்து அழுத்தினால் என்விடியாவின் பட்டியல் மறையும். ஆனால் மென்பொருள் விளையாட்டுக்குள்ளேயே இருக்கும், தாமதமும் தொடரலாம்.

அணைத்தல்: மேலடுக்கு வசதியை அமைப்புப் பக்கத்தில் நிறுத்திவிடுவது. மென்பொருள் கணினியில் இருக்கும். ஆனால் அடுத்த முறை விளையாட்டுக்குள் நுழையாது. பெரும்பாலோருக்குத் தேவையானது இதுவே.

நீக்குதல்: துணை மென்பொருளையே கணினியிலிருந்து அகற்றுவது. இதைச் செய்வோர் துணை மென்பொருள் வேறு, இயக்கி வேறு என்பதை மறக்கக் கூடாது. இயக்கி இல்லாமல் அட்டை முழுமையாக வேலை செய்யாது.

அணைக்கும் முறை

இம்மென்பொருள்களின் பட்டியல்களில் காணும் பெயர்களை அவ்வாறே ஒலிபெயர்த்துத் தருகிறேன். பதிப்புக்குப் பதிப்பு இடம் சற்று மாறக்கூடும்.

1. என்விடியா ஆப்: மென்பொருளைத் திறந்து ‘செட்டிங்ஸ்’, அதனுள் ‘ஃபீச்சர்ஸ்’ பகுதிக்குச் செல்க. ‘ஓவர்லே’ என்பதன் எதிரே உள்ள பொத்தானை அணைக்க. மேலடுக்கு வேண்டும், வடிகட்டி மட்டும் வேண்டாம் என்போர் அங்கேயே ‘கேம் ஃபில்டர்ஸ் அண்ட் ஃபோட்டோ மோட்’ என்பதை மட்டும் அணைக்கலாம்.

2. பழைய ஜிஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் இன்னும் உள்ள கணினிகள்: மேலே உள்ள பற்சக்கரக் குறியைச் சொடுக்கி, ‘ஜெனரல்’ பகுதியில் ‘இன்-கேம் ஓவர்லே’ என்பதை அணைக்க.

3. ஏ.எம்.டி. அட்ரினலின்: பற்சக்கரக் குறி, பின்னர் ‘பிரிஃபரன்சஸ்’. அங்கே ‘இன்-கேம் ஓவர்லே’ என்பதை அணைக்க. குறுக்கு விசைகளை மாற்ற விரும்பினால் ‘ஹாட்கீஸ்’ பகுதியைப் பார்க்க.

அணைத்தபின் விளையாட்டை முழுவதும் மூடி மறுபடியும் திறக்க வேண்டும். ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டுக்குள் ஏற்கெனவே ஏறிவிட்ட நிரல் தங்கியிருக்கக்கூடும்.

இவற்றுக்குப் பின்னும் ஏதேனும் தோன்றினால், மேலடுக்கு வேறொருவருடையது. ஸ்டீம் மேலடுக்கு ஷிஃப்ட், டேப் விசைகளிலும், விண்டோசின் கேம் பார் விண்டோஸ், ஜி விசைகளிலும் திறக்கும். டிஸ்கார்டுக்கும் தனி மேலடுக்கு உண்டு. ஒரே விளையாட்டின்மேல் மூன்று நான்கு மென்பொருள்கள் வரிசையில் நின்று வரைவது அரிதன்று.

தமிழில் தட்டச்சு செய்வோருக்கு ஒரு குறிப்பு. மேலடுக்கின் குறுக்கு விசைகள் பல ஆல்ட் விசையோடு அமைந்தவை. என்.எச்.எம். ரைட்டர் போன்ற தமிழ்த் தட்டச்சு மென்பொருளும் ஆல்ட் விசையோடு எண்விசையைச் சேர்த்தே விசைப்பலகையை மாற்றுகிறது. மேலடுக்கின் விசைகளை நீங்களே மாற்றியமைத்தால், தமிழுக்கு ஒதுக்கிய விசையைத் தொடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

சோதித்து அறிதல்

அணைத்ததனால் பயன் உண்டா என்பதை நினைப்பினால் அன்றி எண்ணால் அறிய வேண்டும். ஒரே விளையாட்டு, ஒரே இடம், ஒரே அமைப்பு. மேலடுக்கோடு மூன்று முறை, இல்லாமல் மூன்று முறை ஓட்டிச் சட்டக எண்ணிக்கையைக் குறித்துக்கொள்ளுங்கள். எண்ணிக்கையைக் காட்டும் வசதி பல விளையாட்டுகளின் அமைப்பிலேயே உண்டு. ஒரு நேரத்தில் ஒன்றை மட்டுமே மாற்றுங்கள். இரண்டையும் சேர்த்து மாற்றினால் எது உதவியது என்பது தெரியாது. ஆய்வுக்கூடத்தில் நாம் கற்கும் பாடம்தான் இது.

வேறுபாடு இல்லையென்றால் மேலடுக்குக் குற்றவாளி அன்று. வெப்பம், நினைவகம் எனப் பிறவற்றை நோக்கலாம். அதுவும் பயனுள்ள விடையே.

எப்போது வைத்திருக்கலாம்?

மேலடுக்கு பகை அன்று. விளையாட்டைப் பதிவு செய்வோருக்கும், அட்டையின் வெப்பநிலையைக் கவனிப்போருக்கும் அது கைகொடுக்கும். எனினும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். உடனடி மறுபதிவு என்ற வசதி இயங்கினால் கடந்த சில நிமிடங்களின் திரைக்காட்சி தொடர்ந்து பதிவாகிக்கொண்டே இருக்கும். மேசைத்திரையையும் பதிவு செய்யுமாறு அமைத்திருந்தால், வங்கிக் கணக்கும் நண்பர் உரையாடலும் அதில் அடங்கும். குடும்பத்தில் பலர் புழங்கும் கணினியில் இது இயங்குகிறதா என்று ஒருமுறை பார்ப்பது நல்லது.

முடிவுரை

ஒரு மென்பொருளில் முன்கூட்டியே இயக்கப்பட்டிருக்கும் வசதிகள், நம்மைக் கேட்டு இயக்கப்பட்டவை அல்ல. அவற்றைத் திறந்து பார்க்கவும் மாற்றவும் நமக்கு உரிமை உண்டு, செலவும் இல்லை. அடுத்த முறை வீட்டிலிருந்து, “அண்ணே, கணினி இழுக்கிறது” என்று அழைப்பு வந்தால், “எடுத்துவிடு” என்று சொல்லாதீர்கள். “அணை, விளையாட்டை மூடு, மறுபடி திற, எண்ணைப் பார்த்துச் சொல்” என்று சொல்லுங்கள். சொல் தெளிவாக இருந்தால் தொலைபேசியின் மறுமுனையில் இருக்கும் கை தவறு செய்யாது.