அரிசி இருந்தும் வந்த பஞ்சம்

பஞ்சம் என்றால் உணவு நிரம்பல் குறைவது என்றுதான் நானும் நினைத்திருந்தேன். நிரம்பல் வளையியை இடப்பக்கம் நகர்த்தி விலை ஏறுவதைக் காட்டினால் விடை முடிந்தது. அது எவ்வளவு அரைகுறையான விடை என்பது 1974ஆம் ஆண்டின் பங்களாதேஷ் பஞ்சத்தைப் பற்றிப் படித்தபோதுதான் புரிந்தது.

1971 போரில் பாலங்களும் வீதிகளும் சிதைந்த நிலையில் பிறந்த நாடு அது. 1974 நடுப்பகுதியில் பிரமபுத்திரா பெருக்கெடுத்தது. ஆனாலும் 1971 முதல் 1975 வரையான ஆண்டுகளில், தலைக்கு அதிக தானியம் இருந்தது அந்த 1974இல்தான் என்று அமர்த்தியா சென் கணக்கிட்டுக் காட்டுகிறார். பின் எப்படிப் பஞ்சம்?

வயலை வெள்ளம் மூடியதும் நாற்று நட ஆள் தேவைப்படவில்லை. கூலி நின்றது. அறுவடை குறையும் என்ற பயத்திலேயே அரிசி பதுக்கப்பட்டு விலை ஏறியது. ரங்பூரிலும் மைமன்சிங்கிலும் இருந்த கூலியாளின் பசி சந்தைக்குத் தெரியவே இல்லை. நாம் படிக்கும் ‘கேள்வி’ வெறும் பசி அல்ல, காசோடு வரும் பசி. நகரத்தவருக்கோ பங்கீட்டு அரிசி கிடைத்தது.

வெளிநாட்டு உதவி? கியூபாவுடன் வியாபாரம் செய்யும் நாடுகளுக்கு உணவு உதவி வழங்க ஐக்கிய அமெரிக்காவின் சட்டம் தடை விதித்திருந்தது. பங்களாதேஷ் கியூபாவுக்குச் சணல் சாக்குகளை விற்றிருந்தது. சணலை விட்டால் விற்பதற்கு அந்நாட்டிடம் வேறு என்ன இருந்தது? அந்த ஏற்றுமதியை நிறுத்திய பின்னரே உதவி நகர்ந்தது. தானியம் வந்து சேர்ந்தபோது பஞ்சத்தின் கொடிய மாதங்கள் கடந்திருந்தன.

அந்த மாதங்களில்தான் அவ்வருட ரமழானும் வந்தது. நோன்பு திறக்க ஒன்றுமில்லாதவர்களை நினைத்து அந்தப் பக்கத்திலேயே சற்று நேரம் நின்றுவிட்டேன். பரீட்சைக்கு இது வராது என்றாள் தோழி.

அரசு சுமார் 6,000 கஞ்சிக் கூடங்களைத் திறந்தது. இறந்தோர் சுமார் 26,000 என்பது அரசின் கணக்கு. மற்ற மதிப்பீடுகள் அதைப் பல மடங்கு தாண்டுகின்றன.

இதற்குச் சற்று முன்னர், 1972-73இல், இந்தியாவின் மகாராஷ்டிரத்தில் கடும் வரட்சி. அங்கே விளைச்சல் உண்மையாகவே வீழ்ந்தது. ஆனால் அரசு வீதி போடவும் குளம் வெட்டவும் இலட்சக்கணக்கானோரை அழைத்துக் கூலியைக் காசாகக் கொடுத்தது. வாங்கக் காசு இருந்ததால் வெளியிலிருந்து தானியம் அங்கு வந்து சேர்ந்தது. பெரும் பஞ்சம் ஏற்படவில்லை.