ஆசிரியர் நியமனத்துக்கு ஒப்புதல் மறுக்கப்பட்டால்

கேள்வி: அரசு உதவிபெறும் சிறுபான்மைப் பள்ளி ஒன்றில் பட்டதாரி ஆசிரியர் நியமிக்கப்பட்டார். மாவட்டத்தில் உபரி ஆசிரியர்கள் இருப்பதாகக் கூறி, கல்வித்துறை ஒப்புதல் மறுத்துவிட்டது. நிர்வாகம் வழக்குத் தொடரத் தயங்குகிறது. ஆசிரியருக்கு வழி உண்டா?

பதில்: உதவிபெறும் பள்ளியில் ஆசிரியரை நியமிப்பது நிர்வாகம், ஊதியம் தருவது அரசு. நியமனம் முறையானதுதானா என்று பார்த்து, ஊதிய மானியத்துக்கு வழிவிடுவதே கல்வித்துறையின் ஒப்புதல். தமிழ்நாட்டில் நெடுங்காலம் இதை 1973-ஆம் ஆண்டின் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டமும் 1974-ஆம் ஆண்டின் விதிகளும் ஆண்டன. இப்போது அந்த இடத்தில் 2018-ஆம் ஆண்டுச் சட்டம் உள்ளது. பழைய நியமனங்களைப் பற்றிய வழக்குகளில் நியமன நாளில் எந்த விதி நடப்பில் இருந்தது என்பதே முதல் கேள்வியாகிறது.

ஒப்புதல் அதிகாரி பார்க்க வேண்டியவை குறைவு: அனுமதிக்கப்பட்ட பணியிடம் காலியாக இருந்ததா, நியமிக்கப்பட்டவருக்கு உரிய தகுதி உண்டா, தேர்வு முறைப்படி நடந்ததா. பணியிடத்தை ஆண்டுதோறும் நடக்கும் பணியாளர் நிர்ணயம் தீர்மானிக்கிறது. மாணவர் எண்ணிக்கை குறைந்தால் பணியிடமும் உபரியாகும். அதனால் நியமன நாளுக்குப் பொருந்தும் பணியாளர் நிர்ணய ஆணையின் நகலே இத்தகைய வழக்கில் முதன்மையான ஆவணம்.

உபரி என்ற காரணத்தைப் பிரித்துப் பார்க்க வேண்டும். அதே பள்ளியிலோ, அதே நிர்வாகத்தின் வேறு பள்ளிகளிலோ உபரி ஆசிரியர் இருந்தால், முதலில் அவரைக் கொண்டு பணியிடத்தை நிரப்பச் சொல்லும் துறையின் வாதத்துக்கு வலு உண்டு. தொடர்பே இல்லாத வேறு நிர்வாகத்தின் உபரி ஆசிரியரைச் சிறுபான்மைப் பள்ளி ஏற்க வேண்டும் என்பது வேறு விஷயம். அரசியலமைப்பின் 30(1) பிரிவு தரும் நிர்வாக உரிமையில் ஆசிரியரைத் தெரிவு செய்யும் உரிமையும் அடங்கும். அரசு தகுதியை வரையறுக்கலாம். ஆனால் பொதுவாக ஆளைத் தேர்ந்தெடுத்துத் தர முடியாது. கேள்வியில் உள்ள மறுப்பு இந்த இரண்டாம் வகை என்றால், எதிர்ப்பதற்குத் தக்க அடிப்படை உண்டு.

தகுதியில் சிக்கலானது ஆசிரியர் தகுதித் தேர்வு. 1 முதல் 8 வரையிலான வகுப்புகளின் ஆசிரியர்களுக்கு அதைக் கட்டாயமாக்கிய அறிவிக்கை 2010 ஆகஸ்ட் 23-இல் வெளியானது. கல்வி உரிமைச் சட்டம் சிறுபான்மைப் பள்ளிகளுக்குப் பொருந்தாது என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு 2014-இல் பிரமாதி வழக்கில் தீர்ப்பளித்தது. 2025 செப்டம்பர் 1-இல் உச்ச நீதிமன்றம், மற்ற பள்ளிகளில் பணியில் இருப்பவர்களும் தேர்ச்சி பெற வேண்டும் என்று கூறி, சிறுபான்மைப் பள்ளிகள் பற்றிய கேள்வியைப் பெரிய அமர்வின் முடிவுக்கு விட்டது. எனவே துறையின் ஆணையில் தகுதித் தேர்வு காரணமாகச் சொல்லப்பட்டிருக்கிறதா என்று கவனிக்க வேண்டும். சொல்லப்படவில்லை என்றால், பிறகு பதில் மனுவில் அதைப் புதிதாகச் சேர்த்து ஆணையைக் காப்பாற்ற முடியாது; ஆணையில் உள்ள காரணங்களோடுதான் அது நிற்கவோ விழவோ வேண்டும் என்பது 1977-இன் மொஹிந்தர் சிங் கில் தீர்ப்பு முதல் நிலைத்த சட்டம்.

நிர்வாகம் தயங்குவதால் ஆசிரியரின் வழி அடைபடாது. ஊதியத்தை இழப்பவர் அவர். எனவே பாதிக்கப்பட்டவர் என்ற முறையில், அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின்கீழ் அவரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். நிர்வாகத்தை எதிர்மனுதாரராகச் சேர்த்துவிட வேண்டும். மறுப்பாணையை ரத்து செய்வதோடு, நியமன நாள் முதல் ஒப்புதலும் நிலுவை ஊதியமும் தரும்படி கோர வேண்டும். இந்த இரண்டையும் கேட்காமல் விட்டால் பல ஆண்டு ஊதியத்தை இழக்க நேரலாம். காலம் தாழ்த்துவதும் கெடுதலே: தாமதமாக வருபவருக்கு, மனுவுக்கு முந்தைய மூன்றாண்டு நிலுவையோடு நீதிமன்றம் நிறுத்திக்கொள்ளக்கூடும்.

நியமன ஒப்புதலுக்கான கருத்துருவை மறுபரிசீலனை செய்யும்படி மட்டும் நீதிமன்றம் உத்தரவிட்டு, துறை புதிய காரணம் காட்டி மீண்டும் மறுத்தால், பொதுவாக அது அவமதிப்பு ஆகாது. அந்தப் புதிய ஆணையைத் தனி மனுவில் எதிர்க்க வேண்டும். ஒப்புதல் வழங்கும்படியே உத்தரவிட்டும் நிறைவேற்றாவிட்டால், அவமதிப்பு மனுவை ஓராண்டுக்குள் தாக்கல் செய்ய வேண்டும்.