நம்பிக்கைகளும் உண்மைகளும்: எண்ணெய்க்குப் புளி காவல் இல்லை

“கோலிக்குண்டு அளவு புளியை உருட்டி எண்ணெயில் போட்டுவிட்டால் பலகாரம் எண்ணெய் குடிக்காது.” இதை எத்தனை தடவை கேட்டிருப்பேன் என்று கணக்கு வைக்கவில்லை. கேட்ட ஒவ்வொரு தடவைக்கும் ஒரு உருண்டை எடுத்து வைத்திருந்தால் வருஷத்துக்கு ரசம் வைக்கிற புளி வீட்டில் சேர்ந்திருக்கும்.

போன மாதம் செஞ்சிக்குப் பக்கத்தில், வல்லம் ஒன்றியத்துக் கிராமம் ஒன்றில், மகளிர் குழுவுக்குப் பலகாரப் பயிற்சி நடத்தினேன். பாடம், வாழைப்பழ டோனட். அதிரசமும் சோமாசும் கைவந்த பெண்கள்தான். பிள்ளைகள் பேக்கரிக் கண்ணாடிக்கு முன்னால் நின்று கை நீட்டுகிறார்கள், அதை நாமே செய்து விற்றால் என்ன என்று அவர்களே கேட்ட பாடம் இது. வடைச்சட்டியில் எண்ணெய் காய்ந்து, முதல் வட்டத்தைக் கையில் எடுத்த நேரம். “டீச்சர், புளி போடலியா?” ஒருத்தி கேட்க, பின்னாலிருந்து மூன்று பேர் “அதானே!” என்றார்கள். ஒரு அம்மா புடவை முந்தியில் முடிந்து கொண்டுவந்த புளியையே நீட்டிவிட்டார்.

வாங்கிப் போட்டேன். ஒரு சட்டியில் புளி, இன்னொரு சட்டியில் ஒன்றும் இல்லை. ஒரே மாவு, ஒரே மல்லாட்டை எண்ணெய், ஒரே அளவுத் தீ. புளி உருண்டை அடியில் போய் உட்கார்ந்தது, சுற்றிலும் பொடிக் குமிழ் விட்டது, சற்று நேரத்தில் குமிழ் அடங்கிக் கரிக்கட்டையானது. அதிலிருந்து பிரிந்த கறுப்புத் துணுக்குகள் டோனட்டின் வயிற்றில் மச்சம் மச்சமாக ஒட்டிக்கொண்டன. இரண்டு சட்டியிலிருந்தும் ஒவ்வொன்றை எடுத்து வெள்ளைத் தாளில் வைத்து அழுத்திக் காட்டினேன். இரண்டு தாளிலும் ஒரே மாதிரி எண்ணெய் வட்டம். புளி கொடுத்த அம்மா தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “புளி பழசு போல” என்றார்.

இதற்கு என்ன பதில் சொல்வது? புளி புதுசாக இருந்தாலும் எண்ணெயில் கரையாது, அம்மா. அதன் புளிப்பு தண்ணீரில் கரைகிற சமாச்சாரம். சட்டியின் அடியில் கிடக்கும் உருண்டைக்கும் மேலே மிதக்கும் மாவுக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. போதாக்குறைக்கு, புளியிலிருக்கும் ஈரம் சூடான எண்ணெயைச் சிதைக்கத்தான் உதவும்.

பலகாரம் எப்போது எண்ணெய் குடிக்கிறது என்பதைப் புரிந்துகொண்டால் இந்தப் பேச்சே எழாது. மாவை விட்டதும் சுற்றிலும் குமிழ் கிளம்புகிறதே, அது எண்ணெய் கொதிப்பது இல்லை. மாவிலிருக்கும் தண்ணீர் ஆவியாகி வெளியே பாய்வது. மேல்மலையனூரில் அமாவாசை ஊஞ்சல் முடிந்து கூட்டம் திரும்புகிற நேரத்தில் எதிர்த்து உள்ளே போய்ப் பாருங்கள், முடிகிறதா? ஆவி வெளியே தள்ளிக்கொண்டிருக்கிற வரைக்கும் எண்ணெய்க்கும் அதே கதிதான், பெரிதாக உள்ளே நுழைய முடியாது.

வினை வருவது சட்டியை விட்டு எடுத்த பிறகு. வெளியே வந்த பலகாரம் ஆறுகிறது. உள்ளேயுள்ள ஆவி குளிர்ந்து தண்ணீராகிச் சுருங்குகிறது, உள்ளழுத்தம் குறைகிறது. மேலே பூசினாற்போல் ஒட்டியிருக்கும் எண்ணெயை அந்த வெற்றிடம் உறிஞ்சி உள்ளே இழுத்துக்கொள்கிறது. 1990களில் உருளைக்கிழங்குச் சீவல்களைச் சாயம் கலந்த எண்ணெயில் பொரித்துப் பார்த்த ஆய்வாளர்கள் வந்து நின்ற இடமும் இதுதான்: உள்ளே போகும் எண்ணெயில் பெரும்பங்கு, எடுத்த பின்பு மேற்பரப்பிலிருந்து போவது. ஆகவே காவல் போட வேண்டிய இடம் சட்டியின் அடி அல்ல, கரண்டியின் நுனி. எடுத்த கையோடு ஜல்லிக்கரண்டியை இரண்டு உதறு உதறுங்கள். சூடு ஆறுவதற்குள் கம்பித் தட்டில் ஒன்றன்மேல் ஒன்று படாமல் பரப்புங்கள். குண்டானில் குவித்து மூடி வைத்தீர்களானால், அடியில் கிடப்பது மேலே இருப்பதன் எண்ணெயையும் சேர்த்துக் குடிக்கும்.

இன்னொரு கணக்கும் உண்டு. தண்ணீர் காலி செய்த இடத்தில்தான் எண்ணெய் குடியேறும். மாவில் தண்ணீர் எவ்வளவு கூடுதலோ அவ்வளவு எண்ணெய்க்கு இடம். பழ டோனட்டில் எல்லோரும் கோட்டை விடுவது இங்கேதான். வாழைப்பழத்தில் முக்கால் பங்கு தண்ணீர், அன்னாசியில் அதைவிட அதிகம். “பழம் நிறையப் போட்டால் நல்லது” என்று நாலு பழத்தைப் பிசைந்து கொட்டி, மாவு தளர்ந்து போய், கையில் பிடிபடாத அதைச் சட்டியில் ஊற்றி, அது எண்ணெயில் ஊறி வந்ததும் புளி போடாததுதான் குற்றம் என்கிறீர்கள். பழக்கூழை முதலில் அடிகனமான பாத்திரத்தில் போட்டு, அல்வாவுக்குக் கிளறுவதுபோல் சுண்டக் கிளறுங்கள். கரண்டியால் கோடு இழுத்தால் கோடு நிற்க வேண்டும். ஆறவைத்து அதைப் பிசையுங்கள். பழ மணமும் கூடும், மாவும் கட்டுப்படும்.

சூடும் முக்கியம். “தீயைக் குறைத்து நிதானமாகப் பொரித்தால் எண்ணெய் குடிக்காது” என்பது புளியின் ஒன்றுவிட்ட தங்கை. தீ குறைந்தால் மேல்தோல் கட்ட நேரமாகும், பண்டம் எண்ணெயில் கிடக்கும் நேரம் நீளும், முடிவில் ஊறித்தான் வரும். பழம் சேராத டோனட்டுக்கு 180 டிகிரி செல்சியஸ் சரி. பழமும் வெல்லமும் சேர்ந்தால் சர்க்கரை சீக்கிரம் கறுக்கும் என்பதால் 165, 170 போதும். வெப்பமானி இல்லையென்றால் பரவாயில்லை. ஒரு சிட்டிகை மாவைப் போடுங்கள். அடிக்குப் போய் ஒரு மூச்சு தங்கி மேலே வந்தால் பதம். போகாமலே மிதந்து சிவந்தால் சூடு அதிகம், அங்கேயே தங்கிவிட்டால் எண்ணெய் இன்னும் காயவில்லை. ஒரே ஈட்டில் பத்தை அடைத்தாலும் சூடு இறங்கிவிடும்.

பாட்டி போட்டாரே, பாட்டிக்குத் தெரியாதா என்று அடுத்த கேள்வி வரும். பாட்டி மேல் எனக்கு மரியாதை உண்டு. அவர் கையில் இருந்தது அன்றைக்குச் செக்கில் ஆட்டிய எண்ணெய். ஈரமும் கசடும் தங்கிய எண்ணெய் காயும்போது நுரைத்துப் பொங்கும். புளியைப் போட்டு, அதன் சலசலப்பு அடங்குகிறதா என்று பார்த்து எண்ணெய் காய்ந்த பதத்தை அவர் கண்டுபிடித்திருப்பார் என்பது என் கணிப்பு. பாட்டிக்கு அது அளவுகோல், நாம்தான் அதைத் தாயத்தாக்கிவிட்டோம். 1940இல் டி.எம்.வி. 2 என்ற மல்லாட்டை ரகத்தை நாட்டுக்குக் கொடுத்த திண்டிவனம் கூப்பிடு தூரத்தில் இருக்கிறது. எண்ணெய் வித்தில் பேர் வாங்கிய வட்டாரம், எண்ணெயைக் காக்கப் புளியைத் தேடுவது எனக்கு மானப் பிரச்சினையாகவே படுகிறது.

இதைவிட மோசம், பொரித்த பழைய எண்ணெயில் புளி போட்டால் “சுத்தமாகிவிடும்” என்பது. ஆகாது. வடிகட்டினாலும் ஆகாது. துகள் போகும், சிதைந்த எண்ணெய் அப்படியேதான் இருக்கும். எண்ணெய் காயக் காயச் சேரும் கழிவுச் சேர்மங்களை மொத்தத் துருவச் சேர்மங்கள் என்பார்கள். அவை 25 சதவீதத்தைத் தாண்டிய எண்ணெயைச் சமைக்கப் பயன்படுத்தக் கூடாது என்பது 2018 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள விதி. வீட்டில் அதை அளக்கக் கருவி இல்லை, மூக்கும் கண்ணும் இருக்கின்றன. கறுத்து, கொழகொழத்து, நுரை அடங்காமல் நின்றால் அதன் ஆயுள் முடிந்தது. வியாபாரத்துக்குச் செய்கிறவர்கள் இந்த இடத்தில் கஞ்சத்தனம் காட்டினால் எனக்குக் கோபம் வரும். வந்திருக்கிறது.

மற்றவற்றை வேகமாக முடித்துவிடலாம். சோடா உப்பு கூடுதலாகப் போட்டால் பஞ்சு மாதிரி வருமாம். வரும், பஞ்சு மாதிரியே எண்ணெயும் குடிக்கும், சவுக்கார வாசனையும் அடிக்கும். கால் கிலோ மாவுக்குக் கால் டீஸ்பூன் தாராளம். பாலும் வாழைப்பழமும் சேர்ந்தால் விஷம் என்பவர்கள் ஜூஸ் கடைப் பக்கம் போனதே இல்லை போலிருக்கிறது. நடு ஓட்டை அழகுக்கு என்பதும் தப்பு. ஓட்டை இல்லாவிட்டால் ஓரம் கருகும்போது நடு மாவு வேகாமல் நிற்கும். 1847இல் கப்பலில் அந்த ஓட்டையைக் கண்டுபிடித்ததே நான்தான் என்று ஹான்சன் கிரிகரி என்ற அமெரிக்க மாலுமி பின்னாளில் சொல்லிக்கொண்டார். உளுந்து வடைக்குக் கட்டைவிரலால் துளை போடும் நம் பெண்கள் யாரும் உரிமை கோரவில்லை. பழம் சேர்த்தால் சத்துப் பண்டமாகிவிடும் என்பவர்களுக்கு: அது பொரித்த இனிப்பு, ஒன்று தின்னுங்கள், நாலு தின்னாதீர்கள். செய்தித்தாளில் வைத்து எண்ணெய் ஒற்றுகிறவர்களுக்கு: அச்சு மை உணவில் ஏறும், உணவுப் பாதுகாப்பு ஆணையம் இதைப் பலமுறை சொல்லியாகிவிட்டது. இந்தப் பக்கத்தையும் தயவுசெய்து விட்டுவிடுங்கள்.

அன்னாசிக்கு மட்டும் கொஞ்சம் நிற்க வேண்டும். குழுவில் ஒரு பெண் முன்பே வீட்டில் செய்து பார்த்திருந்தார். பச்சை அன்னாசியை அரைத்து, ஈஸ்ட் போட்ட மைதாவில் பிசைந்து இரண்டு மணி நேரம் மூடி வைத்தாராம். திறந்தால் கஞ்சி. ஈஸ்ட் கெட்டது என்று கடைக்காரரிடம் சண்டை. பாவம் கடைக்காரர். பிரியாணிக் கறி மெத்தென்று வேகப் பப்பாளிக்காயை அரைத்துப் போடுகிறோம் அல்லவா? அதே வேலையைச் செய்யும் நொதி அன்னாசியிலும் உண்டு. கறியின் புரதத்தை அறுப்பதுபோல மைதாவின் பசைப் புரதத்தையும் அது அறுத்துவிடும். கொதிக்க வைத்தால் நொதி செத்துவிடும். பழத்தைச் சுண்டக் காய்ச்சச் சொன்னதற்கு இது இன்னொரு காரணம்.

கடைசியாக எசென்ஸ். “நாலு சொட்டு கூட விட்டால் மணம் தூக்கும்” என்கிறார்கள். வாழைப்பழ எசென்ஸின் முக்கிய மணப்பொருள் ஐசோஅமைல் அசிட்டேட். லேசில் ஆவியாகிற பொருள் அது, மாவிலிருந்து கிளம்பும் நீராவியோடு ஓடிவிடும். தெருவே மணக்கும், டோனட்டில் ஒன்றும் தங்காது. பெரிய கடைகள் பழ ஜாமைப் பொரித்த பிறகு உள்ளே ஏற்றுவது சும்மா இல்லை.

ஏற்றுவதற்குப் புட்டியிலிருக்கும் சிவப்பு ஜாமா வேண்டும்? செஞ்சியைச் சுற்றியுள்ள குன்றுகளில் பாறை இடுக்கெல்லாம் சீத்தாப்பழம். பருவத்தில் கூடை கூடையாகச் சாலையோரம் வந்து, சாயங்காலமானால் கேட்ட விலைக்குப் போகிறது. 2025 ஜூலையில் யுனெஸ்கோ மராத்தியக் கோட்டைகளை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது, பன்னிரண்டில் பதினொன்று மகாராஷ்டிரத்தில், மிச்சம் ஒன்று நம் செஞ்சி. அந்தக் கோட்டையைப் பார்க்க ராஜகிரிக் குன்றில் ஏறி வேர்த்து இறங்குகிறவர் கையில் இந்த ஊர்ப் பழம் வைத்த ஒரு பண்டத்தைக் கொடுக்க நமக்குத் துப்பில்லையா? ஸ்ட்ராபெர்ரி வாசனைதான் கொடுப்போமா? வகுப்பில் இதைச் சொல்லிக் கால் மணி நேரம் கத்தினேன். டோனட் ஆறிப்போனது.

சீத்தாப்பழத்தை மாவில் சேர்க்காதீர்கள், சூடேறினால் கூழ் கசக்கும். பச்சையாகவே பயன்படுத்த வேண்டும். கனிந்த பழத்தின் சதையைக் கம்பிச் சல்லடையில் கையால் தேய்த்து எடுங்கள். மிக்சி வேண்டாம், விதை உடைந்துவிடும். பேனுக்கு அரைத்துப் பூசுகிற விதை அது, வயிற்றுக்கும் ஆகாது, கண்ணில் பட்டால் கண்ணுக்கே ஆபத்து. எடுத்த கூழை, துணியில் கட்டித் தொங்கவிட்டு நீர் வடித்த தயிரோடு கலந்து குளிர வையுங்கள். டோனட் முழுக்க ஆறிய பின் பக்கவாட்டில் கத்தியால் கீறி ஒரு கரண்டி வையுங்கள். காலையில் நிரப்பியது மாலைக்குள் விற்றாக வேண்டும், மறுநாள் கூழ் கறுத்துவிடும்.